சும்மா இருப்பதற்குக் கூலி

அன்புள்ள ஐயா,

செவ்வாய்ப்பேட்டையில் கொலுசுப் பட்டறையில் பற்றவைக்கிற வேலை எனக்கு. இரண்டு சுயாதீனப் படங்களில் முக்கிய வேடம் செய்தேன். ஒன்று ஏதோ விழாவுக்குப் போனது, மற்றது எடிட்டிங்கிலேயே கிடக்கிறது. "எந்தத் தியேட்டர்லடா ஓடுது?" என்கிறார் அம்மா. மூன்றாவது படத்துக்கு டிசம்பரில் 40 நாள் ஏற்காட்டில் தங்கச் சொல்கிறார்கள். இந்த இயக்குநரும் "நடிக்காதே, சும்மா இரு" என்றுதான் சொல்கிறார். பட்டறையை விட்டுவிட்டு முழுநேர நடிகனாகிவிடலாமா?

எஸ்., சேலம்

அன்புள்ள எஸ்.,

விடாதீர்கள்.

அம்மா கேட்பதில் தப்பில்லை. நம்மூரில் சினிமா என்றால் ஒரு காலத்தில் மாதச் சம்பளம். ஏற்காடு சாலையில் இன்று முகப்பு வளைவாக மட்டும் நிற்கிற மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டுடியோவில் அதன் முதலாளி டி.ஆர்.சுந்தரம் அப்படித்தான் ஆட்களை வைத்திருந்தார். உங்கள் வகைப் படத்தில் அது கிடையாது. 'அக்கிரகாரத்தில் கழுதை'யில் (1977) பேராசிரியராக வந்த எம்.பி.சீனிவாசன் இசையமைப்பாளர். 'நசீர்' (2020) படத்தில் துணிக்கடை ஊழியராக வந்த குமரன் வளவன் புதுச்சேரி நாடகக்காரர். இருவர் கையிலும் வேறொரு வேலை இருந்தது.

அந்த 'சும்மா இரு'வுக்கு வருகிறேன். தைவான் நடிகர் லீ காங்-ஷெங் நடிப்புப் பயிற்சி பெற்றவரல்ல. 1992-லிருந்து இயக்குநர் சாய் மிங்-லியாங்கின் படங்களில் நாயகன் அவர்தான். ஆள் இயல்பிலேயே மெதுவானவர். முதலில் இயக்குநருக்கே அது ஒத்துவரவில்லை. பிறகு தன் சினிமாவையே அந்த வேகத்துக்கு இறக்கிக்கொண்டார். லீக்கு நிஜமாகவே வந்த கழுத்துவலி 1997-ல் 'தி ரிவர்' படமானது. 2020-ல் 'டேஸ்' படத்திலும் அதே கழுத்து, நிஜ சிகிச்சையோடு. வேறெந்த நடிகரின் உடல் மூப்படைவதையும் நான் இவ்வளவு பக்கத்திலிருந்து பார்த்ததில்லை.

தீக்கு முன்னால் மூச்சடக்கிக் குனிகிற உங்கள் முதுகைத்தான் அந்த இயக்குநர் கேட்கிறார். அது பட்டறை கொடுத்தது. அதை விட்டுவிட்டு நடிப்புப் பயிற்சிக்குப் போனால் அவரே உங்களைத் தேடமாட்டார்!

ஆனால் சும்மா இருப்பதற்கும் கூலி உண்டு. 40 நாள் பட்டறைக் கூலிக்குக் குறையாமல், பாதி முன்பணமாக, எழுத்தில் வாங்குங்கள். விழாவுக்கு இயக்குநர் மட்டும் விமானம் ஏறுவதும், நடித்தவன் வாட்ஸ்அப்பில் படம் பார்ப்பதும் எனக்குப் பிடிப்பதில்லை. படத்தின் பிரதி ஒன்று உங்களுக்கு வர வேண்டும் என்பதையும் அதிலேயே சேருங்கள், அம்மாவுக்குப் போட்டுக் காட்டலாம்.

டிசம்பர் ஏற்காடு என்கிறீர்கள். கம்பளி அவர்கள் தருவார்களா என்றும் கேட்டுக்கொள்ளுங்கள்.