நிலவரைபடத்தைத் தரையில் விரியுங்கள்: ஆசிரியர்களின் கேள்விகளுக்குப் பதில்

கேள்வி: ஆறாம் வகுப்பில் "வடக்கு எங்கே?" என்றால் பாதிப் பேர் கூரையைக் காட்டுகிறார்கள். என்ன செய்வது?

பதில்: பிள்ளைகள் மேல் தவறில்லை. சுவரில் மாட்டிய படத்தில் வடக்கு மேலேதானே இருக்கிறது! படத்தைக் கழற்றித் தரையில் விரியுங்கள். வடக்கைக் கண்டுபிடிக்கும் வேலையை அவர்களிடமே விடுங்கள். மைதானத்தில் ஒரு குச்சியை நட்டு, பதினொன்றரை மணியிலிருந்து பன்னிரண்டே முக்கால் வரை, பத்து நிமிடத்துக்கு ஒருமுறை நிழலின் நுனியில் கூழாங்கல் வைக்கட்டும். மிகக் குட்டையான நிழல் வடக்கு தெற்காக விழும். ஒன்றை மறந்துவிடாதீர்கள்: சென்னையில் ஏப்ரல் கடைசியிலிருந்து ஆகஸ்ட் நடுப்பகுதி வரை நண்பகல் நிழல் தெற்கு நோக்கி விழும். மற்ற மாதங்களில்தான் அது வடக்கைக் காட்டும்.

கேள்வி: ஒன்பதாம் வகுப்புக்குச் சம உயரக் கோடுகளை, அதாவது ஒரே உயரத்திலுள்ள இடங்களை இணைக்கும் கோடுகளைப் புரியவைக்க முடியவில்லை.

பதில்: ஓர் உருளைக்கிழங்கு போதும். ஒரு பக்கம் செங்குத்தாகவும் மறுபக்கம் சாய்வாகவும் இருக்கும் கிழங்காகப் பார்த்து எடுங்கள். நீளவாக்கில் பாதியாக வெட்டிக் கவிழ்த்து, மேலிருந்து அடிவரை இரண்டு ஈர்க்குச்சிகளைக் குத்தி உருவுங்கள். பிறகு ஒரு சென்டிமீட்டர் கனத்தில் கிடையாக அரிந்து, அடித்துண்டிலிருந்து ஒவ்வொன்றாகத் தாளில் வைத்துச் சுற்றி வரையட்டும். எல்லாத் துண்டின் துளைகளும் ஒரே இரண்டு புள்ளிகளில் பொருந்த வேண்டும். துளை இல்லாமல் செய்தால் கோடுகள் ஒன்றையொன்று வெட்டிப் பாடமே கெட்டுவிடும்.

வரைந்து முடித்ததும், "எறும்பு சிரமமில்லாமல் ஏற வழி எது?" என்று கேளுங்கள். என் வகுப்பில் ஒரு மாணவி கோடுகள் விலகியிருந்த பக்கமாக விரலை நகர்த்திக்கொண்டே உச்சிக்குப் போனாள். "செங்குத்துச் சரிவில் கோடுகள் நெருங்கும்" என்ற வரியை நான் சொல்லவே தேவைப்படவில்லை. மறுநாள் இந்திய நில அளவைத் துறையின் தலப்படத்தை (ஒரு பகுதியின் மேடுபள்ளங்களையும் சாலைகளையும் விரிவாகக் காட்டும் படம்) விரித்து, அதில் பழுப்பு நிறத்தில் இருக்கும் சம உயரக் கோடுகளைக் காட்டினேன்.

கேள்வி: படத்தின் தூரத்தை நிலத்தின் தூரமாக மாற்றும் அளவைக் கணக்கில் பூஜ்ஜியங்களைக் கண்டு மிரள்கிறார்கள்.

பதில்: கணக்கைப் பிறகு பார்க்கலாம். 1:50,000 தலப்படத்தில் 2 சென்டிமீட்டர் என்பது 1 கிலோமீட்டர். சாலையின் வளைவுகளோடு ஒட்டி ஒரு நூலை வைத்து, அதை நிமிர்த்தி அளக்கட்டும்.

கேள்வி: கைபேசியில் எல்லாம் இருக்கும்போது உலக உருண்டை எதற்கு?

பதில்: உருண்டையான பூமியைத் தட்டையாக்கிக் காட்டும் மெர்கேட்டர் முறைப் படத்தில் கிரீன்லாந்து இந்தியாவைவிட மிகப் பெரிதாகத் தெரியும். உண்மையில் கிரீன்லாந்து சுமார் 21.7 லட்சம் சதுர கிலோமீட்டர், இந்தியா சுமார் 32.9 லட்சம். எண்ணைச் சொல்லாதீர்கள். உருண்டையின் மேல் மெல்லிய தாளை ஒட்டிப் பிடித்து, இரண்டையும் நகல் எடுத்துக் கத்தரித்து, ஒன்றன்மேல் ஒன்று வைக்கச் சொல்லுங்கள்.