கூடியாட்டக் கலைஞராக வாழ்க்கை நடத்த முடியுமா? எப்படிப் பயிற்சி பெறுவது?

முடியும், ஆனால் பொறுமை வேண்டும். கேரளத்தின் இந்தச் சமஸ்கிருத நாடகம் நெடுங்காலம் கூத்தம்பலம் என்னும் கோயில் நாடக அரங்குகளுக்குள், பரம்பரையாக நடிக்கும் சாக்கியார் குடும்பங்களின் உரிமையாகவே இருந்தது. பெண் வேடம் நம்பியார் குடும்பப் பெண்களான நங்கையாருக்கு, மிழாவு என்னும் குட வடிவ முழவு நம்பியாருக்கு. பைங்குளம் ராம சாக்கியார் 1949-இல் கூத்தைக் கோயிலுக்கு வெளியே கொண்டுவந்தார். 1965-இல் கேரள கலாமண்டலம் என்னும் கலைப் பயிற்சி நிறுவனத்தில் கூடியாட்டத் துறை தொடங்கியபோது அவரே ஆசான். பிற சமூகத்தவருக்கும் கதவு திறந்தது அங்கேதான். அந்தத் துணிச்சல் இல்லையென்றால் இன்று இந்தக் கேள்விக்கே இடமிருந்திருக்காது.

பயிற்சியில் என்னை மிகவும் ஈர்ப்பது கண். விடியற்காலையில் கண்ணில் நெய் விட்டுக்கொண்டு, விழிகளை மேலும் கீழும் வட்டமாகவும் சுழற்றிப் பழகுவார்கள். தலை அசையக் கூடாது. மேடையில் குத்துவிளக்கின் முன் ஒரே ஒரு சுலோகத்தை முத்திரையாலும் கண்ணாலும் வெகுநேரம் விரித்துக் காட்டுவதற்கு அடித்தளம் இதுதான். கூடியாட்டப் பெருங்கலைஞர் மாணி மாதவ சாக்கியாரின் கண் அபிநயம் இதற்கு உச்சம். 1962-இல் அவர் சென்னையிலும் ஆடினார்.

வருமானமா? 2001-இல் யுனெஸ்கோ அங்கீகரித்த பிறகு உதவித்தொகையும் அழைப்புகளும் கூடின. இருந்தாலும் மேடையை மட்டும் நம்பிக் குடும்பம் நடத்துவது கடினம். கற்பித்தலையும் சேர்த்தே திட்டமிடுங்கள்.

இன்னொன்று: சிலப்பதிகாரத்தில் செங்குட்டுவன் முன் ஆடும் ‘கூத்தச் சாக்கையன்’ இந்த மரபின் மூதாதை என்று பலர் கருதுகிறார்கள்.