எரிந்த காரும் அதற்கு முந்தைய வெள்ளிக்கிழமையும்

வணக்கம் சார். லாஸ் ஏஞ்சலஸில் 2025 ஜூனில் நடந்த போராட்டத்தை ஊடகங்கள் திரித்துக் காட்டின என்று எழுதியிருந்தீர்கள். எங்கள் பனியன் கம்பெனியில் எல்லோரும் போனில் பார்த்தோம், கார்கள் எரிந்தன. கண்ணால் பார்த்ததை எப்படித் திரிப்பார்கள்? காகிதம் இல்லாமல் அமெரிக்காவில் குடியேறியவர்களைத் திருப்பி அனுப்பினால் ஊரைக் கொளுத்துவதா?

செ., திருப்பூர்

அன்புள்ள செ.,

கார்கள் எரிந்தது உண்மைதாங்க. ஓட்டுநர் இல்லாத வேமோ டாக்சிகள். எரித்தது தப்பு, அதில் எனக்கு மாற்றுக்கருத்து இல்லை. ஆனால் அது ஜூன் 8, ஞாயிற்றுக்கிழமை. வெள்ளிக்கிழமையே குடியேற்றத் துறை அதிகாரிகள் காகிதம் இல்லாதவர்களைப் பிடிக்கச் சோதனையில் இறங்கிவிட்டார்கள். போராட்டமே அதை எதிர்த்துத்தான். அவர்கள் நுழைந்த இடங்களில் ஒன்று ஒரு துணி மொத்த வியாபாரக் கிடங்கு. உங்கள் செக்கிங், பேக்கிங் ஆட்களைப் போன்றவர்கள் வேலை பார்க்கும் இடம். தொழிற்சங்கத் தலைவர் டேவிட் ஹுவர்ட்டா கைதானதும் அன்றைக்குத்தான். சனிக்கிழமை, மாநில ஆளுநரின் ஒப்புதல் இல்லாமலே தேசியக் காவல் படையை இறக்க டிரம்ப் உத்தரவிட்டார். அதற்கு மறுநாள்தான் அந்த வேமோ கார்கள் எரிந்தன. நீங்கள் பார்த்த செய்தி மூன்றாம் நாளில் ஆரம்பித்தது.

ஊரடங்கு போட்டபோதும் அது நகர மையத்தில் சுமார் 1 சதுர மைலுக்குத்தான். நகரமோ ஏறக்குறைய 500 சதுர மைல். ஒரே காரை நாலு கோணத்தில் நாள் முழுக்க ஓட்டினால் ஊரே எரிவதாகத்தான் தெரியும். போலீஸ் சொல்வது முதலில் வரும், கூட்டத்தில் நின்ற பெண் சொல்வது கடைசியில், நேரமிருந்தால். ஊடக ஆய்வாளர்கள் இந்தப் பழக்கத்தை 1980களிலிருந்தே சொல்லி வருகிறார்கள்.

இது உங்கள் ஊருக்கே நடந்ததுதானே? 2023 மார்ச்சில் எங்கெங்கோ எடுத்த அடிதடி வீடியோக்களை, தமிழ்நாட்டில் பீகார் தொழிலாளர்களைக் கொல்கிறார்கள் என்று பரப்பினார்கள். பயந்து கிளம்பியவர்களும் உண்டு. ஆனால் ஹோலிக்கு ஊருக்குப் போன கூட்டத்தையும் சேர்த்து, உயிர் பிழைக்க ஓடுகிறார்கள் என்றார்கள். பீகார் அரசு அனுப்பிய குழு திருப்பூருக்கே வந்து விசாரித்தது. ரயில் நிலையத்தில் கூட்டம் இருந்தது பொய்யில்லை. அவர்கள் ஏன் நின்றார்கள் என்பதைத்தான் மாற்றிவிட்டார்கள். அன்றைக்கு உங்களுக்கு எவ்வளவு வலித்திருக்கும்!

காகிதம் இல்லாதவர்களை அனுப்பலாமா கூடாதா என்பதில் நாம் வேறுபடலாம். சரி, பேசுவோம். ஆனால் அந்தக் கிடங்கிலிருந்து பிடித்துப் போனவர்கள் யார், எத்தனை வருடமாக அங்கே இருந்தார்கள், வாரண்டில் என்ன இருந்தது என்று நீங்கள் பார்த்த செய்தி ஒரு நிமிடமாவது சொல்லியதா? அதைத் தேடிப் படித்துவிட்டு எழுதுங்கள், அவசியம் பதில் போடுகிறேன்.