பக்கத்து வீட்டு அமெரிக்கரிடம் அரசியல் பேசலாமா?

கேள்வி: ஆறு மாதம் மகள் வீட்டில் தங்க ஓஹியோ மாநிலத்துக்குப் போகிறேன். "அப்பா, அங்கே அக்கம்பக்கத்தில் அரசியல் மட்டும் பேசிடாதீங்க" என்று இப்போதே எச்சரிக்கிறாள். எதிர்க்கட்சிக்காரரோடு டீக்கடையில் மணிக்கணக்காக வாதாடிவிட்டு, அவர் வண்டியிலேயே வீடு திரும்புகிறவன் நான். அங்கே அப்படி என்னதான் ஆகிவிட்டது? நான் எப்படி நடந்துகொள்வது?
– ஓய்வுபெற்ற தலைமை ஆசிரியர், திண்டுக்கல்

பதில்: ஐயா, மகள் சொல்வதில் நியாயம் இருக்கிறது.

நமக்குச் சட்டென்று புரியும் அளவுகோல் கல்யாணம்தான். பிள்ளை எதிர்க்கட்சிக்காரரைக் கட்டிக்கொண்டால் வருந்துவீர்களா என்று 1960இல் அமெரிக்கர்களிடம் கேட்டார்கள். குடியரசுக் கட்சியினரில் 5 சதவீதம், ஜனநாயகக் கட்சியினரில் 4 சதவீதம் பேர்தான் ஆமாம் என்றார்கள். ஏறக்குறைய அதே கேள்விக்கு 2010இல் முறையே 49, 33 சதவீதம். இத்தனைக்கும் அப்போது டிரம்ப் அதிபராகவே ஆகவில்லை. வரன் பார்க்கும்போது நம்மவர்கள் முதலில் எதை விசாரிப்பார்கள் என்று உங்களுக்குத் தெரியும். அங்கே கட்சி அந்த இடத்துக்கு வந்துவிட்டது என்பது என் கணிப்பு.

இது எப்படி நடந்தது? 1950இல் அந்நாட்டு அரசியல் அறிவியல் சங்கம், இரண்டு கட்சிகளுக்கும் போதிய வித்தியாசம் இல்லை என்று குறைபட்டு அறிக்கையே வெளியிட்டது! தெற்கே இனப் பாகுபாட்டை ஆதரித்த வெள்ளையர்களும் வடக்கே தொழிற்சங்கத்தினரும் அப்போது ஒரே ஜனநாயகக் கட்சியில் இருந்தார்கள். 1964இல் ஜனநாயகக் கட்சி அதிபர் ஜான்சன், இனப் பாகுபாட்டைத் தடைசெய்யும் குடிமை உரிமைகள் சட்டத்தில் கையெழுத்திட்ட பிறகு தெற்கத்திய வெள்ளையர்கள் கொஞ்சம் கொஞ்சமாகக் குடியரசுக் கட்சிக்கு நகர்ந்தார்கள். அந்தக் கட்சியின் மிதவாதிகள் எதிர்ப்பக்கம் போனார்கள். இனம், மதப்பற்று, நகரமா கிராமமா என்பதெல்லாம் கட்சிக் கோட்டோடு ஒன்றன்மேல் ஒன்றாகப் போய் அடுக்கிக்கொண்டன. முன்பு கட்சி வேறாக இருந்தாலும் போகிற சர்ச் ஒன்றாக இருந்தது, வேலை பார்க்கிற தொழிற்சாலை ஒன்றாக இருந்தது. இப்போது அந்தப் பிடிமானங்கள் பலருக்கு இல்லை.

அப்புறம் ஊடகம். சர்ச்சைக்குரிய விஷயங்களில் இரு தரப்பையும் சொல்ல வேண்டும் என்று வானொலி, தொலைக்காட்சிக்கு இருந்த விதி 1987இல் நீக்கப்பட்டது. ஒரு பக்கம் மட்டும் முழங்கும் வானொலிகள் பெருகின. 1996இல் குடியரசுக் கட்சிப் பக்கம் சாயும் ஃபாக்ஸ் நியூஸ் சேனல் வந்தது.

எல்லாம் ஃபேஸ்புக்கால் வந்த வினை என்பார்கள். எனக்கு அதில் பாதி நம்பிக்கைதான். இணையம் அதிகம் பரவிய ஆண்டுகளை எடுத்துக்கொண்ட ஓர் ஆய்வில், வெறுப்பு அதிகமாக வளர்ந்தது இணையத்தை மிகக் குறைவாகப் பயன்படுத்திய முதியவர்களிடம். (நம் வயதுக்காரர்கள்தான், என்ன செய்ய!) அதோடு, இணையம் ஸ்வீடனுக்கும் ஜெர்மனிக்கும்கூடப் போயிற்று. கடந்த நாற்பது ஆண்டுகளை ஒப்பிட்டபோது அங்கெல்லாம் கட்சிக் கசப்பு குறைந்திருந்தது. அங்கே பல கட்சிகள் உண்டு. இன்றைய எதிரி நாளைய கூட்டணி. இது நமக்குப் புதிதா என்ன?

விளைவு? 1993இல் ரூத் பேடர் கின்ஸ்பர்க்கை உச்ச நீதிமன்ற நீதிபதியாக செனட் 96-3 என்று ஏற்றது. 2020இல் ஏமி கோனி பேரட்டுக்கு 52-48. எதிர்க்கட்சியிலிருந்து ஒரு வாக்குகூட இல்லை. பட்ஜெட் சண்டையில் 2018-19இல் 35 நாட்கள், 2025இல் 43 நாட்கள் அரசு அலுவலகங்கள் முடங்கின. விமானங்களை வழிநடத்துகிறவர்கள் சம்பளமில்லாமல் வேலை பார்த்தார்கள். 2025இல் விமானங்களையே குறைத்தார்கள். உங்கள் பயணத்தின்போது அப்படி ஏதாவது வந்தால், இணைப்பு விமானத்துக்கு நிறைய இடைவெளி விட்டு டிக்கெட் போடுங்கள்.

சரி, நடந்துகொள்வது எப்படி? ஆளைப் பார்த்துக் கட்சியை ஊகிக்காதீர்கள். அமெரிக்கர்களே அதில் தோற்கிறார்கள். குடியரசுக் கட்சியினரில் 38 சதவீதம் பேர் ஆண்டுக்கு இரண்டரை லட்சம் டாலருக்கு மேல் சம்பாதிப்பதாக மக்கள் நினைத்தார்கள். உண்மையில் 2 சதவீதம்தான்.

தோட்டம், பேரக்குழந்தையின் பள்ளி, பனி அள்ளுவது, வீட்டு வரி என்று ஆரம்பியுங்கள். வீட்டு வரியில் எல்லோருக்கும் ஒரே எரிச்சல். அவராகவே அரசியலுக்கு வந்தால், "அது ஏன் தப்பு தெரியுமா?" என்று மட்டும் தொடங்கிவிடாதீர்கள். தலைமை ஆசிரியருக்கு அது கஷ்டம்தான். "உங்களுக்கு அப்படித் தோன்ற என்ன நடந்தது?" என்று கேட்டுவிட்டு உங்கள் அனுபவம் ஒன்றைச் சொல்லுங்கள். மயாமியில் வீடு வீடாகப் போய் இப்படிப் பத்து நிமிடம் பேசியதில், திருநர் மீதான தப்பெண்ணம் குறைந்து, மூன்று மாதம் கழித்தும் குறைந்தே இருந்தது என்று 2016இல் வந்த ஓர் ஆய்வு சொல்கிறது. டீக்கடையில் நீங்கள் பாதி நேரம் செய்வதும் இதுதானே?

ஒரு சட்ட விஷயம். விசிட்டர் விசாவில் போகிறவர் அமெரிக்கத் தேர்தலுக்கு நன்கொடை தருவது குற்றம். மகளின் போனுக்குக் கட்சிகளிடமிருந்து பணம் கேட்டுக் குறுஞ்செய்தி வந்து, அதில் உங்களுக்குப் பிடித்தவர் பெயரே இருந்தாலும், உங்கள் கார்டை எடுத்துவிடாதீர்கள்.