கல்லீரல் ஸ்கேனில் தெரியும் இதயம்: வாசகர் கேள்வி பதில்

ஒலி அலையால் ரத்த ஓட்டத்தைப் பார்க்கும் கல்லீரல் டாப்ளர் ஸ்கேன் பற்றி வந்த கடிதங்களில் ஏழுக்கு இம்முறை பதில் தருகிறோம். பெயர் போட வேண்டாம் என்று பலர் கேட்டிருப்பதால் ஊரை மட்டும் குறிப்பிடுகிறோம்.

கேள்வி: அப்பாவுக்கு வயது 68. ஸ்கேன் ரிப்போர்ட்டில் "ஹெப்பாட்டிக் வெயின் டிரைஃபேசிக், போர்ட்டல் வெயின் ஹெப்பட்டோபீட்டல், வினாடிக்கு 22 செ.மீ., ஆர்ட்டரி ஆர்.ஐ. 0.64" என்று இருக்கிறது. இவையெல்லாம் என்ன நோய்? (செந்தூல், கோலாலம்பூர்)

பதில்: இதில் நோயின் பெயர் ஒன்றுகூட இல்லை. நான்குமே நல்ல சேதிகள்.

வீட்டில் நாம் 'நரம்பு' என்று சொல்வது இங்கே ரத்தக்குழாயைத்தான். ரிப்போர்ட்டில் 'வெயின்' என்பது சிரை, 'ஆர்ட்டரி' என்பது தமனி. கல்லீரலுக்கு ரத்தம் இரண்டு வழியில் வருகிறது. ஏறக்குறைய முக்கால் பங்கு குடல், மண்ணீரல் பக்கமிருந்து போர்ட்டல் சிரை வழியாக வருகிறது. மீதி, இதயத்திலிருந்து வரும் தமனி வழியாக. வெளியே போவதற்கு வலது, நடு, இடது என மூன்று ஹெப்பாட்டிக் சிரைகள் உண்டு. அவை கீழ்ப்பெருஞ்சிரையில் சேர, அது நேராக இதயத்தின் வலது மேலறைக்குப் போகிறது. போர்ட்டல் சிரை உள்ளே கொண்டுவருவது, ஹெப்பாட்டிக் சிரை வெளியே கொண்டுபோவது. ரிப்போர்ட் படிக்கும்போது இந்த இரண்டு பெயர்களையும் குழப்பிக்கொள்ளாமல் இருந்தாலே பாதிப் பயம் போய்விடும்.

'ஹெப்பட்டோபீட்டல்' என்றால் ரத்தம் கல்லீரலை நோக்கிப் போகிறது என்று பொருள்; அப்படித்தான் போக வேண்டும். போர்ட்டல் சிரையில் வினாடிக்கு 16 முதல் 40 செ.மீ. வரை வேகம் இருப்பது வழக்கம். தமனியின் ஆர்.ஐ., அதாவது ரத்த ஓட்டத்துக்கு உள்ள தடையைக் காட்டும் எண், 0.55 முதல் 0.7 வரை இருக்கலாம். 'டிரைஃபேசிக்' என்பது இதயத் துடிப்போடு சேர்ந்து சிரையின் அலை ஏறி இறங்குகிறது என்பதைச் சொல்கிறது. அதை மூன்றாம் கேள்வியில் விரிவாகப் பார்க்கலாம்.

கேள்வி: காலை 10 மணிக்கு ஸ்கேன். ஒரு கோப்பியாவது குடிக்கலாமா? (ஜார்ஜ் டவுன், பினாங்கு)

பதில்: பால் கலந்தது வேண்டவே வேண்டாம். சாப்பிட்டால் குடலுக்குப் போகும் ரத்தம் கூடும், போர்ட்டல் சிரையின் வேகமும் அகலமும் ஏறும், பித்தப்பை சுருங்கும், வாயு திரையை மறைக்கும். 6 மணி நேரம் வெறும் வயிறாக இருங்கள். வெறும் தண்ணீர் கொஞ்சம் குடிக்கலாம். ரத்த அழுத்த மாத்திரையைத் தண்ணீரோடு போட்டுக்கொள்ளலாம். இன்சுலினோ சர்க்கரை மாத்திரையோ எடுப்பவர்கள் காலை அளவை எப்படி மாற்றுவது என்று முதல் நாளே கேட்டுக்கொள்ளுங்கள். சாப்பிடாமல் இன்சுலின் போட்டுக்கொண்டு வந்து மயங்கி விழுவது, ஸ்கேன் கெடுவதைவிட ஆபத்து.

கேள்வி: அம்மாவுக்குக் கால் வீக்கம், கல்லீரலும் பெரிதாக இருக்கிறதாம். மது, மஞ்சள் காமாலை எதுவும் கிடையாது. கல்லீரல் ஸ்கேன் எடுத்த அன்றே இதய மருத்துவரைப் பார்க்கச் சொல்லிவிட்டார்கள். கல்லீரல் கோளாறுக்கு இதய மருத்துவர் எதற்கு? (பட்டர்வொர்த், பினாங்கு)

பதில்: சரியாகத்தான் அனுப்பியிருக்கிறார்கள். ஹெப்பாட்டிக் சிரைக்கும் இதயத்தின் வலது மேலறைக்கும் நடுவில் ரத்தத்தைத் தடுத்து நிறுத்தும் கதவு எதுவும் இல்லை. மேலறையில் அழுத்தம் ஏறினால் அது நேரே கல்லீரலுக்குள் வரும். லோங்காங் (சாக்கடை) அடைத்துக்கொண்டால் தண்ணீர் வீட்டுக்குள் ஏறுகிறதே, அந்த மாதிரி. டாப்ளர் திரையில் ஓடும் அலையை ஹெப்பாட்டிக் சிரை வழியே கேட்கும் இதயத்தின் பேச்சு என்றே சொல்லலாம்.

அந்த அலை இப்படி இருக்கும். நடுவில் ஒரு கோடு. கோட்டுக்குக் கீழே போவது கல்லீரலை விட்டு இதயத்துக்குப் போகும் ரத்தம். மேலே வருவது திரும்பி வரும் ரத்தம். மேலறை சுருங்கும்போது கொஞ்சம் ரத்தம் பின்னால் தள்ளப்பட்டு, கோட்டுக்கு மேலே ஒரு சின்ன மேடு எழும். அதற்கு 'ஏ' என்று பெயர். அடுத்து கீழறை சுருங்குகிறது, இரண்டு அறைக்கும் நடுவிலுள்ள வால்வின் வளையம் கீழே இழுபடுகிறது, மேலறை ரத்தத்தை உறிஞ்சுகிறது. அப்போது ஆழமான பள்ளம் விழும், அது 'எஸ்'. மேலறை நிரம்பியதும் ஓட்டம் தயங்கும், அலை கோட்டை நோக்கி ஏறும், அது 'வி'. வால்வு திறந்ததும் ரத்தம் மறுபடி பாயும். இரண்டாவது பள்ளம், 'டி'. இயல்பான அலையில் எஸ் பள்ளம் டி பள்ளத்தைவிட ஆழம். இதைத்தான் முதலில் பார்க்க வேண்டும்.

வலது பக்க டிரைகஸ்பிட் வால்வு ஒழுகினால், கீழறை சுருங்கும் நேரத்தில் ரத்தம் மேலறைக்கே திரும்புகிறது. எஸ் பள்ளம் ஆழம் குறைந்து டி-யைவிடச் சிறிதாகும். ஒழுக்கு கடுமையானால் எஸ் தலைகீழாகத் திரும்பி, ஏ, வி இரண்டோடும் ஒட்டிக்கொண்டு ஒரே பெரிய மேடாக நிற்கும். கீழே டி மட்டும் மிஞ்சும். வால்வு ஒழுகாமல் வலது பக்க இதயம் மட்டும் களைத்திருந்தால் படம் வேறு: ஏ, வி மேடுகள் உயரும், ஆனால் எஸ் டி-யைவிட ஆழமாகவே இருக்கும். இந்த ஒரு வேறுபாட்டை வைத்தே காரணத்தை ஓரளவு பிரிக்கலாம்.

இதிலும் வழுக்கும் இடங்கள் உண்டு. ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் என்ற தாறுமாறான துடிப்பில் மேலறை ஒழுங்காகச் சுருங்குவதில்லை; ஆகவே ஏ மேடு காணாமல் போகும், எஸ் பள்ளமும் குறையும். வால்வு கெட்டிருக்க வேண்டும் என்றில்லை. எதிர்ப்பக்கமாக, எஸ் இயல்பாக இருப்பதை வைத்து வால்வு ஒழுகவில்லை என்றும் முடிவுகட்டக் கூடாது. இதயத்தின் எக்கோ பார்க்காமல் இந்த விவாதம் முடியாது.

தேக்கம் முற்றினால் போர்ட்டல் சிரையும் துடிக்கத் தொடங்கும். எவ்வளவு துடிக்கிறது என்று அறிய, அந்தச் சிரையின் அதிக வேகத்திலிருந்து குறைந்த வேகத்தைக் கழித்து, அதிக வேகத்தால் வகுத்து, 100-ஆல் பெருக்குங்கள். அதிகம் 30, குறைவு 12 என்றால் 60% வரும். 30%-க்குள் இருப்பது இயல்பு. 50%-ஐத் தாண்டினால் கடுமையான தேக்கம் என்று எடுத்துக்கொள்கிறார்கள். ஒல்லியான இளவயதினருக்கு நோய் இல்லாமலேயே போர்ட்டல் சிரை துடிப்பதுண்டு. எண் ஒன்றை மட்டும் பார்த்துப் பயப்பட வேண்டாம். கூடவே கீழ்ப்பெருஞ்சிரை 2.1 செ.மீ.-க்கு மேல் அகன்று, மூக்கால் சட்டென்று உறிஞ்சும்போது பாதிக்குப் பாதிகூடச் சுருங்கவில்லை என்றால், மேலறையில் அழுத்தம் ஏறியிருக்கிறது என்பதற்கு அது நல்ல சாட்சி.

அம்மாவுக்கு நீர் இறக்கும் மாத்திரை கொடுத்தால் தினமும் காலையில் ஒரே நேரத்தில் எடை பார்த்து எழுதி வையுங்கள். அடுத்த ஸ்கேனில் அலை மாறியிருக்கிறதா என்று பார்க்கும்போது, அந்த எடைக் குறிப்பு மருத்துவருக்குப் பெரிய துணை.

கேள்வி: ஸ்கேன் பயிற்சியில் இருக்கிறேன். பலருக்கும் ஹெப்பாட்டிக் சிரை அலை தட்டையாக வருகிறது. சிரோசிஸ் (கல்லீரல் தழும்பேறி இறுகுவது) என்று குறிப்பெழுதலாமா? (செராஸ், கோலாலம்பூர்)

பதில்: எழுதாதீர்கள். தட்டை அலைக்கு முதல் காரணம் பெரும்பாலும் மூச்சு. "நல்லா மூச்சை இழுத்துப் பிடிங்க" என்று நாம்தான் சொல்கிறோம். இழுத்துப் பிடித்து முக்கினால் நெஞ்சுக்குள் அழுத்தம் கூடி, ஆரோக்கியமானவரின் அலையே தட்டையாகிவிடும். சாதாரணமாக மூச்சு விடச் சொல்லுங்கள். வெளியே விட்டு முடிக்கும் இடத்தில், முக்காமல், ஐந்து வினாடி நிறுத்தினால் போதும். மலாயில் சொல்ல வேண்டியவர்களுக்கும் சீன மொழியில் சொல்ல வேண்டியவர்களுக்கும் இதைச் செய்து காட்டிவிடுங்கள். வாயால் சொல்வதைவிட அது பலிக்கும்.

அடுத்தது அளக்கும் இடம். சிரை கீழ்ப்பெருஞ்சிரையில் சேருமிடத்துக்கு மிக அருகில் அலை கூர்மையாகவும், கல்லீரலின் ஓரத்தில் மழுங்கியும் இருக்கும். கீழ்ப்பெருஞ்சிரையிலிருந்து 2, 3 செ.மீ. தள்ளி, ஒவ்வொரு முறையும் ஒரே இடத்தில் எடுங்கள். வேக அளவுகோலைத் தாழ்த்துங்கள், மெதுவான ஓட்டத்தை வடிகட்டிவிடும் 'வால் ஃபில்டர்' அமைப்பையும் தாழ்த்துங்கள். இல்லாவிட்டால் கோட்டை ஒட்டிய மெதுவான ஓட்டம் அழிந்துபோய் வேறு வடிவம் தெரியும். ஈசிஜி கம்பியை மாட்டினால் எஸ் எது, டி எது என்ற சந்தேகமே வராது. ஈசிஜி இல்லாமல் வேகமான துடிப்பில் இரண்டையும் மாற்றிச் சொல்வது அடிக்கடி நடக்கும் தவறு.

போர்ட்டல் சிரையில் வேகம் அளக்கும்போது ஒலிக்கற்றைக்கும் ரத்த ஓட்டத்துக்கும் நடுவிலுள்ள கோணம் 60 டிகிரியைத் தாண்டக் கூடாது. கோணக் கோட்டை 5 டிகிரி குறைத்து வைத்துவிட்டால் 30 டிகிரியில் வேகம் சுமார் 5% குறைவாகக் காட்டும், 60-இல் 15%, 75-இல் 33%. நோயாளி மாறவில்லை, நம் கைதான் மாறியது. விலா எலும்புகளுக்கு நடுவில் வலது பக்கமிருந்து பார்த்தால் போர்ட்டல் சிரைக்கு நல்ல கோணம் கிடைக்கும். ஹெப்பாட்டிக் சிரைகளுக்கு விலாவுக்குக் கீழிருந்து பாருங்கள்.

இவ்வளவும் சரியாகச் செய்தும் தட்டை என்றால், பட்டியல் நீளம்: சிரோசிஸ், கொழுப்புக் கல்லீரல், சிரையை நெருக்கும் கட்டி, மேலே போகும் வழியில் சுருக்கம், பிறகு கர்ப்பத்தின் கடைசி மாதங்கள். கர்ப்பத்தில் அது இயல்பே. ஆகவே "அலை மழுங்கியுள்ளது" என்று பார்த்ததை எழுதுங்கள். கல்லீரலின் மேற்பரப்பு கரடுமுரடா, மண்ணீரல் எவ்வளவு, வயிற்றில் நீர் உண்டா என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.

கேள்வி: கணவருக்கு ஹெபடைடிஸ் பி, இப்போது சிரோசிஸ். போர்ட்டல் வேகம் சென்ற ஆண்டு 12, இந்த முறை 19. தேறிவிட்டார் என்று எடுத்துக்கொள்ளலாமா? (புக்கிட் மெர்தாஜம், பினாங்கு)

பதில்: அவசரப்படாதீர்கள், அம்மா. அதே ரிப்போர்ட்டில் "தொப்புள் பக்கச் சிரை திறந்திருக்கிறது" என்று இருக்கிறதா பாருங்கள். பிறந்தபின் மூடிப்போன தொப்புள் பாதைக்குப் பக்கத்துச் சிரைகள், கல்லீரல் இறுகி அழுத்தம் ஏறும்போது மறுபடி திறப்பதுண்டு. அந்தப் பக்கவழி ரத்தத்தை இழுப்பதால் பெரிய போர்ட்டல் சிரையில் வேகம் இயல்புபோலத் தோன்றும், நோய் குறைந்திருக்காது. இது பலரை ஏமாற்றும் எண்.

பக்கவழி இல்லாதபோது வினாடிக்கு 16 செ.மீ.-க்குக் குறைந்த வேகம், 13 மி.மீ.-க்கு மேல் அகலம், பெரிய மண்ணீரல், வயிற்றில் நீர் ஆகியவை சேர்ந்து வந்தால் போர்ட்டல் அழுத்தத்தைக் காட்டும். ஓட்டம் தலைகீழாகி கல்லீரலை விட்டு விலகுவது முற்றிய நிலை. இரண்டு ஸ்கேனும் வேறு வேறு இயந்திரத்தில், வேறு வேறு கையால் எடுத்தவையா, சாப்பிட்டுவிட்டுப் போனாரா என்பதையும் கேளுங்கள். 12, 19 என்ற வித்தியாசம் அதனாலேயும் வரலாம்.

எண் எதுவானாலும் 6 மாதத்துக்கு ஒருமுறை கட்டி இருக்கிறதா என்று பார்க்கும் அல்ட்ராசவுண்டை விடக் கூடாது. மலேசியாவில் குழந்தைகளுக்கு ஹெபடைடிஸ் பி தடுப்பூசி 1989-இல்தான் தொடங்கியது. உங்கள் வயதினர் பலருக்கு அது கிடைத்திருக்காது. நீங்களும் பிள்ளைகளும் ரத்தப் பரிசோதனை செய்துகொண்டீர்களா? இல்லை என்றால் இந்த வாரமே கிளினிக் கெசிஹாத்தானில் (அரசு சுகாதார கிளினிக்கில்) கேளுங்கள்.

கேள்வி: "போர்ட்டல் சிரையில் ஓட்டம் தெரியவில்லை" என்று எழுதிவிட்டார்கள். அடைப்புதானா? (பிரிக்பீல்ட்ஸ், கோலாலம்பூர்)

பதில்: இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். ரத்தம் மிக மெதுவாக நகர்ந்தால், அளவுகோல் உயரமாக வைத்த இயந்திரம் அதைக் காட்டாது. அளவுகோலைத் தாழ்த்தி, கோணத்தை மாற்றி, மெதுவான ஓட்டத்தையும் பிடிக்கும் பவர் டாப்ளரில் பார்த்த பிறகும் இல்லை என்றால், மருந்து செலுத்தி எடுக்கும் அல்ட்ராசவுண்ட், சிடி அல்லது எம்ஆர்ஐ தேவை. புதிய ரத்தக்கட்டி சாதாரணப் படத்தில் கறுப்பாக, வெறும் ரத்தம் போலவே தெரியும் என்பதால் படம் சுத்தமாக இருப்பதை நம்ப முடியாது. அடைப்புக்குள்ளேயே தமனி போன்ற துடிப்பு பதிவானால், அது ரத்தக்கட்டி அல்ல, சிரைக்குள் வளர்ந்த புற்றாக இருக்கக்கூடும். மருத்துவம் முழுக்க மாறும்.

கேள்வி: தங்கைக்கு 29 வயது. இரண்டு வாரத்தில் வயிறு வீங்கி, வலது பக்கம் வலி. பட்-கியாரியா என்று பார்க்க டாப்ளர் எழுதியிருக்கிறார்கள். (பாயான் லெப்பாஸ், பினாங்கு)

பதில்: ஹெப்பாட்டிக் சிரைகளோ அவை சேரும் வழியோ அடைபடுவதுதான் பட்-கியாரி. 1845-இல் ஜார்ஜ் பட், 1899-இல் ஹான்ஸ் கியாரி இதை விவரித்தார்கள். டாப்ளரில் சிரைகளில் ஓட்டமே இல்லாதது, எதிர்த்திசை ஓட்டம், துடிப்பில்லாத தட்டை அலை, சிரையிலிருந்து சிரைக்குச் சிலந்தி வலைபோலச் சின்னக் குறுக்கு வழிகள் ஆகியவற்றைத் தேடுவார்கள். காடேட் என்ற பின்மடல் மட்டும் தனிவழியில் ரத்தத்தை வெளியேற்றுவதால் அது பெருத்து நிற்கும்.

ஸ்கேனுக்குப் போகும்போது தங்கை எடுப்பது எல்லாவற்றையும் பையில் போட்டுக் கொண்டுபோங்கள்: கருத்தடை மாத்திரை, ஜாமு என்ற மலாய் மூலிகை மருந்து, சீன மருந்துக் கடைப் பொடி, ஊரிலிருந்து வந்த லேகியம். கருத்தடை மாத்திரை ரத்தம் உறையும் வாய்ப்பைக் கூட்டும். சில மூலிகைகளில் உள்ள பைரோலிசிடின் அல்கலாய்டு என்ற நச்சு, பெரிய சிரைகளை விட்டுவிட்டுக் கல்லீரலின் நுண்குழாய்களை அடைக்கும். அப்போது வயிறு இதேபோல வீங்கும், ஆனால் டாப்ளரில் மூன்று சிரைகளும் திறந்தே தெரியும். போர்ட்டல் ஓட்டம் மட்டும் மெதுவாகும் அல்லது திரும்பும். மருத்துவமே வேறு என்பதால் பொட்டலத்தின் பெயர்கூடத் தெரியாவிட்டாலும் பொட்டலத்தையே காட்டுங்கள். பட்-கியாரி உறுதியானால் அதற்கு அடிப்படையாக ரத்த அணுக்களைச் சார்ந்த நோய் உண்டா என்று தேட ஜாக்2 என்ற மரபணுப் பரிசோதனையும் கேட்பார்கள். வாந்தியில் ரத்தம், கறுப்பு மலம், தூக்கக் கலக்கம், குழப்பப் பேச்சு இவற்றில் ஒன்று வந்தாலும் ஸ்கேன் தேதி வரை காத்திருக்காமல் உடனே அவசரப் பிரிவுக்குக் கூட்டிப் போங்கள்.