கையெழுத்துப் போட்டால் கடலுக்குப் போக முடியாதே!

கேள்வி: என் தம்பி விசைப்படகில் கூலிக்குப் போகிறவன். கரையில் நடந்த அடிதடியில் கொலை முயற்சி வழக்கு. செஷன்ஸ் கோர்ட் ஜாமீன் கொடுத்துவிட்டது. மறு உத்தரவு வரும்வரை தினமும் காலை 10.30க்கு ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும் என்று கண்டிஷன். கடலுக்குப் போனால் மறுநாள்தான் கரை திரும்புவான். அந்த நாளில் மட்டும் விட்டுவிடலாமா?
– வாசகி, தங்கச்சிமடம்

பதில்: விடாதீர்கள், சகோதரி. ஒரு நாள் தவறியதும் ஜாமீன் தானாக ரத்தாகிவிடாதுதான். ஆனால் ரத்து மனு போட அரசுத் தரப்புக்கு அதுவே போதும். தொழிலுக்குப் போய்வந்து காரணம் சொல்வதற்கும் போகுமுன் கோர்ட்டில் கேட்பதற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம்.

கண்டிஷனைத் தளர்த்தச் சொல்லி மனு போட்டுக் கேட்க உங்களுக்கு நியாயம் இருக்கிறது. கண்டிஷன் தண்டனை அல்ல. விசாரணைக்கு ஒழுங்காக வரணும், அதே மாதிரிக் குற்றம் மறுபடி செய்யக்கூடாது, சாட்சியை மிரட்டவோ தடயத்தைக் கலைக்கவோ கூடாது: குற்றவியல் நடைமுறைச் சட்டமான பிஎன்எஸ்எஸ்ஸின் 480வது பிரிவு பெரிய வழக்குகளுக்குச் சொல்வது இவைதான். தினக் கையெழுத்து அதில் எழுதப்படவே இல்லை. 'நீதியின் நலனுக்காக வேறு நிபந்தனை' என்ற பொது வாசல் வழியாக வந்தது அது.

ஆனால் நம் கரையில் அரசு வக்கீல் எழுந்து என்ன சொல்வார் என்பது எனக்கு மனப்பாடம். "தனுஷ்கோடியிலிருந்து இலங்கையின் தலைமன்னார் சுமார் 30 கிலோமீட்டர்தான், படகு ஏறினால் ஆள் போய்விடுவார்." இதற்குப் பதில் வைக்காத மனு நிற்காது. வறுமையை மட்டும் எழுதிக்கொண்டு போகாதீர்கள். தம்பி எந்தப் படகில் போகிறார், அதன் பதிவு எண், கடலுக்குப் போக மீன்வளத்துறை தரும் டோக்கன் விவரம், கூட்டுறவுச் சங்க அட்டை, 'என் படகில்தான் வருகிறார், கூட்டிக்கொண்டு வந்து விடுவேன்' என்று படகு உரிமையாளரின் பிரமாணப் பத்திரம் எல்லாம் சேருங்கள். ராமேஸ்வரம் பக்கத்து விசைப்படகுகள் வாரத்தில் மூன்று நாள்தானே போகின்றன? கண்டிஷனை எடுத்துவிடக் கேட்காமல், கடலுக்குப் போகாத நாளில் வாரம் இரண்டு கையெழுத்து என்று மாற்றக் கேளுங்கள். நீதிபதிக்குச் சம்மதிக்க எளிதாக இருக்கும்.

மனு போட இதே செஷன்ஸ் கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். மாஜிஸ்ட்ரேட் இதைத் தொட முடியாது. சில வாரம் ஒரு நாளும் தவறாமல் போட்ட பிறகு போங்கள். குற்றப்பத்திரிகை தாக்கலாகிவிட்டால் இன்னும் நல்லது, புலனாய்வு முடிந்தபின் தினக் கையெழுத்துக்குத் தேவை குறைகிறதே. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையான மீன்பிடித் தடைக்காலம் இடையில் வந்தால் அதிர்ஷ்டம்: எப்படியும் கரையில்தான் இருப்பார், 61 நாளும் விடாமல் போட்டுவிட்டு, படகு மறுபடி கடலில் இறங்கும் நேரத்தில் கேட்கலாம்.

'போன் லொகேஷனைப் போலீஸ் எந்நேரமும் பார்க்கட்டும்' என்று நீங்களாகச் சொல்லிவிட வேண்டாம். கூகுள் மேப்பில் இருப்பிடம் காட்டும் நிபந்தனை செல்லாது என்று 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றம் ஒரு போதைப்பொருள் வழக்கில் சொல்லிவிட்டது. (நடுக்கடலில் சிக்னல் ஏது என்பது வேறு.)

யாராவது கஞ்சா கேஸை உதாரணம் காட்டினால் அதை இதோடு கலக்காதீர்கள். 20 கிலோவைத் தாண்டினால் ஜாமீன் கிடைப்பதே அங்கே குதிரைக்கொம்பு.

வக்கீலுக்கு வசதி இல்லையென்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள், அல்லது 15100க்குப் போன் செய்யுங்கள். உத்தரவு நகல் கைக்கு வந்து ஸ்டேஷனில் கொடுக்கும்வரை பழைய கண்டிஷன்தான், தம்பியைப் படகில் ஏற்றாதீர்கள்.