சிங்கள மொழியில் காமிக்ஸ் உண்டா? அங்கே அதற்கு என்ன இடம்?

உண்டு. ஒரு காலத்தில் கிழமை தவறாமல் காத்திருந்து வாங்கிப் படித்தார்கள். அதன் பெயரும் நமக்கு அந்நியமானதல்ல, சிங்களத்தில் அது 'சித்ர கதா'.

நான் கொழும்பு கொட்டாஞ்சேனையில் வளர்ந்த தமிழன். சிங்கள எழுத்துகளை நான் கூட்டிப் படிக்கப் பழகியது சலூன் வாங்கில் கிடந்த சித்திரக்கதைப் பத்திரிகைகளில். கட்டத்தின் மேல் ஓரத்தில் கதை சொல்பவர் எழுத்துச் சிங்களத்தில் பேசுவார், பாத்திரங்களின் வாயருகே உள்ள குமிழ்களில் பேச்சுச் சிங்களம் இருக்கும். மேலே 'யயி' என்றிருக்கும், கீழே 'யனவா'. இரண்டுக்கும் போவது என்றுதான் பொருள். நம் மொழியில் உள்ள அதே இரட்டை வழக்கு! பக்கத்தின் அடியில் 'மத்து சம்பந்தயி' என்று முடியும். சம்பந்தம் என்ற சொல்லைப் பிடித்துக்கொண்டு, இது 'தொடரும்' ஆகத்தான் இருக்க வேண்டும் என்று நானே கண்டுபிடித்த நாளை மறக்கவே முடியாது.

சிங்களச் சித்திரக்கதையின் முன்னோடி ஜி. எஸ். பெர்னாண்டோ. 1951ஆம் ஆண்டு 'லங்காதீப' பத்திரிகையில் அவர் வரைந்த 'நீலா'வையே முதல் தொடராகச் சொல்வார்கள். டைம்ஸ் நிறுவனம் 1947இல் தொடங்கிய பத்திரிகை அது. ஆக, இந்தக் கலை புத்தகக் கடையில் பிறக்கவில்லை, செய்தித்தாளில் பிறந்தது. எனக்கு இதுதான் எல்லாவற்றையும் விட முக்கியமாகப் படுகிறது. செய்தித்தாள் பெரியவர்கள் கைக்கு வருவது. அதனால் கதைகளும் பெரியவர்களுடையவை ஆயின: கிராமத்துக் காதல், சீதனத் தகராறு, வேலை தேடிக் கொழும்புக்கு வந்தவனின் தனிமை. தமிழில் காமிக்ஸ் என்றதும் முத்து, லயன் காமிக்ஸ் இதழ்கள் வழி வந்த வெளிநாட்டுத் துப்பறிவாளர்கள் நினைவுக்கு வருவார்கள். அங்கே பக்கத்து வீட்டுப் பெண்தான் கதாநாயகி.

1970களில் சித்திரக்கதைகளுக்கென்றே தனிப் பத்திரிகைகள் வந்தன. 'சத்துட' என்றால் மகிழ்ச்சி, 'சித்தர' என்றால் ஓவியன். ஓவியர் கமிலஸ் பெரேரா படைத்த கஜமன் என்ற கார்ட்டூன் பாத்திரம் பெயர் பெற்றதும் அந்தப் பத்தாண்டில்தான். படித்தவர்கள் பலர் இவற்றை மலிவுச் சரக்கு என்று ஒதுக்கினார்கள். அது பெரிய அநியாயம் என்பேன். கண்டிக்கு அருகே தெகல்தொருவ குகை விகாரைக்குப் போய்ப் பாருங்கள். பதினெட்டாம் நூற்றாண்டுச் சுவரில், சிவப்புப் பின்னணியில், புத்தரின் முற்பிறவி பற்றிய ஜாதகக் கதை வரிசை வரிசையாக நகர்கிறது. தன் பிள்ளைகளையே தானம் கொடுக்கும் வெஸ்ஸந்தர மன்னன் ஒரே வரிசையில் திரும்பத் திரும்ப வருகிறான். கதையைப் படப் பட்டைகளாக நகர்த்திச் சொல்வது அந்த மண்ணுக்குப் பழகிய கலை. அச்சில் வந்ததும் மட்டும் அது எப்படி மலிவாகிவிடும்?

1982இல் ரூபவாஹினி என்ற அரசுத் தொலைக்காட்சி வந்தது. டைட்டஸ் தொட்டவத்த சிங்களக் குரல் கொடுத்துத் தந்த கார்ட்டூன்களின் முன்னால் பிள்ளைகள் உட்கார்ந்தார்கள், மாலையில் பெரியவர்களுக்கு நாடகங்கள் இருந்தன. சித்திரக்கதைப் பத்திரிகைகள் மெல்லத் தேய்ந்தன. கஜமன் மட்டும் 2023இல் முப்பரிமாண அனிமேஷன் படமாகத் திரைக்கு வந்தான்.

ஈழத் தமிழிலும் இதே கதைதான். 'சிரித்திரன்' நகைச்சுவை இதழின் சுந்தர் வரைந்த சவாரித்தம்பர் என்ற கார்ட்டூன் பாத்திரமும் பத்திரிகைத் தாளில் வாழ்ந்ததுதான். பத்திரிகைத் தாளை யார் சேர்த்து வைக்கிறார்கள்? எங்கள் வீட்டில் அம்மா அவற்றை அலமாரித் தட்டுகளில் விரித்தார். பல ஆண்டுகளுக்குப் பின் வீடு மாறும்போது ஒரு தாளை உரித்தெடுத்தேன். மஞ்சளேறி, பாச்சை உருண்டை மணத்துடன் ஒரு பக்கம். பெட்டியுடன் ரயில் நிலையத்தில் நிற்கும் ஒரு பெண், பின்னால் ஓடிவரும் ஒருவன், அடியில் 'மத்து சம்பந்தயி'. ஓவியர் பெயர் இருந்த மூலை கிழிந்துபோயிருந்தது. அடுத்த கிழமைப் பக்கத்தைப் பழைய புத்தகக் கடைகளில் இன்னும் தேடுகிறேன்.